திரும்பி வரும் சிரிப்பு

தொல்காப்பியர் மெய்ப்பாடுகள் எட்டினை வரிசைப்படுத்தும்போது நகையை முதலில் வைத்தார். அழுகையை அதற்கு அடுத்ததாக வைத்தார். இவ்வரிசைக்கு உரைகாரர் எக்காரணம் கூறினும், வாழ்ந்து பார்த்தவர்க்கு இது வியப்பளிப்பதில்லை. சாவு வீட்டு வாசலில் நள்ளிரவுக்குப் பின்னும் விழித்திருப்போர், இறந்தவரின் குறும்புகளை நினைவுகூர்ந்து தம்மை மறந்து சிரிப்பதை நாம் கண்டிருக்கிறோம். அச்சிரிப்பின் ஓசை அடங்குமுன்பே யாரேனும் ஒருவர் விம்மி அழத் தொடங்குவதையும் கண்டிருக்கிறோம். நகைக்கும் அழுகைக்கும் இடையே சுவர் எழுப்பியவர்கள் இலக்கணம் வகுத்தவர்கள் அல்லர். நாகரிகம் கருதிய நாமே.

எனினும் ஐயம் ஒன்று எழத்தான் செய்கிறது. சாவையும் பாவத்தையும் நகைப்புக்கு உரியனவாக்கலாமா? துன்புறுவோரைக் காட்டிச் சிரிக்க வைக்கும் கலை மனித மாண்புக்கு எதிரானதாகாதா? நம்பிக்கையுள்ளவர் இதைக் கேட்பது இயல்பே. ஆனால் நமது மரபும் இதற்கு ஒரே விடை சொல்லவில்லை. இரும்புக் கட்டிலின்மீது வாட்டப்பட்டபோதும் புனித லாரன்ஸ் தம்மை வதைத்தோரிடம் நகையாடினார் என்று மரபு கூறுகிறது. 1535ஆம் ஆண்டு தலை வெட்டப்படும் மேடையில் ஏறிய புனித தாமஸ் மோர், தம்மைக் கொல்ல வந்தவனிடமே வேடிக்கையாகப் பேசினார் என்பது வரலாறு. தமிழுக்குத் தேம்பாவணி தந்த வீரமாமுனிவர்தாம் பரமார்த்த குருவையும் அவருடைய மூடச் சீடர்களையும் படைத்தார். நாம் வயிறு குலுங்கச் சிரித்துக்கொண்டே படிக்கும் அந்தக் கதை குருவின் மரணத்தில்தான் முடிகிறது.

ஆகவே, சிரிக்கலாமா என்பதைவிட, எத்தகைய சிரிப்பு என்று கேட்பதே பொருத்தமானது. இவ்வினாவை அண்மைக் காலத்தில் மிகக் கூர்மையாக எழுப்பியவர்கள் இங்கிலாந்தைச் சேர்ந்த இரட்டை எழுத்தாளர்களான ஸ்டீவ் பெம்பர்ட்டனும் ரீஸ் ஷியர்ஸ்மித்தும் ஆவர். 2014 முதல் 2024 வரை பி.பி.சி. தொலைக்காட்சியின் இரண்டாம் அலைவரிசைக்காக இவர்கள் உருவாக்கிய 'இன்சைடு நம்பர் 9' என்னும் அரைமணி நேரக் கதைப் படங்களைப் பற்றியே இக்கட்டுரை பேசுகிறது.

இருவரும் ஒன்பதாம் எண்ணும்

பெம்பர்ட்டன் 1967இல் பிளாக்பர்னில் பிறந்தவர். ஷியர்ஸ்மித் 1969இல் ஹல் நகரில் பிறந்தவர். இருவரும் இங்கிலாந்தின் வடபகுதி மக்கள். யார்க்‌ஷயரில் இருந்த பிரெட்டன் ஹால் கல்லூரியில் நாடகம் பயின்றபோது நண்பர்களாயினர். மார்க் கேட்டிஸ், ஜெரமி டைசன் ஆகியோருடன் சேர்ந்து இவர்கள் அமைத்த 'த லீக் ஆஃப் ஜென்டில்மென்' என்னும் குழு, 1997இல் எடின்பரோ விழாவில் நகைச்சுவைக்கான பெரியர் விருதைப் பெற்றது. 1999இல் அக்குழுவின் படைப்பு தொலைக்காட்சிக்கு வந்தது. பின்னர் இவ்விருவர் மட்டும் சேர்ந்து 2009 முதல் 2011 வரை 'சைக்கோவில்' என்னும் தொடரை எழுதினர். அதில் ஒரு பகுதியை, ஹிட்ச்காக் இயக்கிய 'ரோப்' படத்தை நினைவூட்டும் வகையில், ஒரே அறைக்குள் நிகழ்வதாக அமைத்தனர். ஓர் அறை, சில மனிதர், அவர்களிடையே ஒரு மறைபொருள் என்னும் அவ்வமைப்பே பின்னர் அவர்களது தனி முத்திரையாயிற்று.

'இன்சைடு நம்பர் 9' என்றால் 'ஒன்பதாம் எண்ணுக்கு உள்ளே' என்று பொருள். ஒவ்வொரு படமும் ஏதேனும் ஒரு வகையில் ஒன்பது என்னும் எண்ணைக் கொண்ட இடத்தில் நிகழ்கிறது: வீடு, அடுக்கக அறை, தொடர்வண்டியின் படுக்கைப் பெட்டி, நாடகக் கொட்டகையின் ஒப்பனை அறை என்று இடங்கள் மாறுகின்றன. ஒரு படத்தின் கதைமாந்தர் அடுத்த படத்தில் வருவதில்லை. ஒவ்வொன்றும் தன்னளவில் முழுமை பெற்ற குறும்படம். ஒன்பது தொகுதிகளும், 2018ஆம் ஆண்டு அக்டோபரில் நேரடியாக ஒளிபரப்பான ஒரு தனிப் படமும் சேர்ந்து மொத்தம் 55 படங்கள். பெரும்பாலானவற்றில் எழுதிய இருவரும் நடித்துமிருக்கின்றனர்.

ஒவ்வொரு படத்திலும் எங்கேனும் ஒரு மூலையில் முயல் சிலை ஒன்றை ஒளித்து வைப்பது இவர்கள் வழக்கம். அதைத் தேடிக் கண்டுபிடிப்பதில் பார்வையாளர் பலருக்குப் பெருமகிழ்ச்சி. ஆனால் இவர்கள் ஒளித்து வைப்பது முயலை மட்டுமன்று. ஒவ்வொரு நல்ல படத்திலும் மனிதர் ஒருவரையும் நம் கண்ணெதிரேயே ஒளித்து வைக்கின்றனர். நாம் அவரைப் பார்த்துச் சிரித்திருப்போம். அல்லது சிரிப்பில் அவரை மறந்திருப்போம். படம் முடியும்போது அந்தச் சிரிப்பு நம்மிடமே திரும்பி வந்து கணக்குக் கேட்கும். இவர்களது கலையின் உயிர் இங்கேதான் இருக்கிறது என்பது என் துணிபு. சில படங்களைச் சற்று நெருங்கிப் பார்ப்போம்.

அலமாரிக்குள் அடைபட்டவர்கள்

2014ஆம் ஆண்டு பிப்ரவரி 5ஆம் நாள் ஒளிபரப்பான முதற்படத்தின் பெயர் 'சார்டீன்ஸ்'. நம் கடற்கரை ஊர்களில் சாளை என்றும் மத்தி என்றும் வழங்கும் மீனின் பெயர் அது. தகரக் குப்பியில் மீன்கள் நெருக்கி அடுக்கப்பட்டிருப்பதைப் போல மனிதர் நெருங்கி நிற்க வேண்டிய ஒரு விளையாட்டுக்கும் அங்கே அப்பெயரே வழங்குகிறது. நம் கண்ணாமூச்சியைத் தலைகீழாக்கியது போன்றது அது. ஒருவர் ஒளிந்துகொள்வார், மற்றவர் தேடுவர். கண்டுபிடித்தவர் சத்தமிடாமல் தாமும் அங்கேயே ஒளிந்துகொள்ள வேண்டும். கடைசியாக ஒருவர் மட்டும் வெளியே எஞ்சுவார்.

செல்வக் குடும்பம் ஒன்றின் பழைய மாளிகையில் திருமண உறுதி விருந்து நடைபெறுகிறது. விருந்தினர் இவ்விளையாட்டை ஆடுகின்றனர். படுக்கையறையிலுள்ள மர அலமாரிக்குள் ஒருவர் பின் ஒருவராக நுழைகின்றனர். மணப்பெண், அவளுடைய அண்ணன், அவனுடைய துணைவன், மணமகனின் பழைய தோழி, அலுவலக நண்பர் என்று ஒருவரை ஒருவர் விரும்பாதவர்கள் எல்லாம் தோளோடு தோள் இடித்துக்கொண்டு நிற்கும் காட்சி நகைப்பின் சுரங்கம். அவர்களுள் ஒருவன் ஜான். 'நாற்றமடிக்கும் ஜான்' என்பதே சிறுவயது முதல் அவனுக்கு வழங்கும் பெயர். அவன் குளிப்பதில்லை. அவன் உள்ளே நுழைந்ததும் எல்லாரும் மூக்கைப் பொத்திக்கொள்ள, நாமும் சிரிக்கிறோம்.

பின்பு, பேச்சோடு பேச்சாக, அந்த வீட்டின் பழைய நிகழ்ச்சி ஒன்று கசியத் தொடங்குகிறது. பல்லாண்டுகளுக்கு முன் அங்கே சாரணச் சிறுவர் வந்து தங்கியதுண்டு. அவர்களுள் ஒருவன் வீட்டுத் தலைவர்மீது குற்றம் சாட்டினான். சிறுவனுக்குக் குளிக்கக் கற்றுக்கொடுத்ததாகவே பெரியவர் விளக்கம் தந்தார். பணமும் மதிப்பும் அந்தக் குரலை அமுக்கிவிட்டன. இவை எவையும் உரத்த குரலில் சொல்லப்படுவதில்லை. அலமாரிக்குள் நிற்பவர்கள் அறிந்தும் அறியாதவர்போல் நெளிகின்றனர். ஜான் ஏன் குளிப்பதில்லை என்பதைப் பார்ப்பவரே கோத்து உணர்ந்துகொள்ள வேண்டும். உணர்ந்த கணத்தில், இருபது நிமிடங்களுக்கு முன் நாம் சிரித்த சிரிப்பு தொண்டையில் முள்ளாகச் சிக்குகிறது.

எழுதியவர்களின் திறம் இங்கே வெளிப்படுகிறது. குற்றவாளியை மட்டும் காட்டியிருந்தால் அவரை வெறுத்துவிட்டு நாம் நிம்மதியாக வீடு திரும்பியிருப்போம். ஆனால் இவர்கள், குற்றத்தால் காயமுற்றவனை முதலில் நமக்கு வேடிக்கைப் பொருளாகத் தந்தார்கள். நாமும் அந்த அலமாரிக்குள் நின்றோம். நாமும் மூக்கைப் பொத்தினோம். குற்றத்தை மூடி மறைப்பவர்கள் பெரும்பாலும் கொடியவர்கள் அல்லர். விருந்தின் இன்பம் கெட்டுவிடக் கூடாது என்று எண்ணுகிற சாதாரண மனிதர்களே என்பதை இதைவிடக் கூர்மையாகச் சொல்ல இயலுமா? சிறார்க்கு இழைக்கப்பட்ட கொடுமைகளையும் அவற்றை மூடிய மௌனத்தையும் குறித்து ஆராய, 2019ஆம் ஆண்டு பிப்ரவரியில் உலகின் ஆயர் பேரவைத் தலைவர்களை வத்திக்கானில் கூட்ட வேண்டிய நிலை நமது திருச்சபைக்கே ஏற்பட்டது. அந்த அலமாரி அயல்நாட்டு மாளிகை ஒன்றில் மட்டுமே இருப்பதாக நாம் கருத இயலாது.

படத்தின் முடிவில் அலமாரி வெளியிலிருந்து பூட்டப்படுகிறது; எரிபொருள் ஊற்றப்படுகிறது. குற்றவாளியும் குற்றமற்றவரும் ஒரே பெட்டிக்குள் அடைபட்டிருக்கின்றனர். இம்முடிவைப் பற்றிப் பின்னர் மீண்டும் பேச வேண்டியுள்ளது.

கடைசி மூச்சின் விலை

அதே தொகுதியில் வந்த 'லாஸ்ட் காஸ்ப்' என்னும் படம், கடைசி மூச்சு என்பதையே பெயராகக் கொண்டது. தீராத நோயுற்ற ஒரு சிறுமியின் பிறந்தநாள். அவளது ஆசையை நிறைவேற்ற, அறக்கட்டளை ஒன்று புகழ்பெற்ற பாடகர் ஒருவரை அவள் வீட்டுக்கு அழைத்து வருகிறது. சிறுமிக்காகப் பலூன் ஒன்றை ஊதும்போது அவர் மயங்கிச் சாய்கிறார். பலூனுக்குள் இருப்பது புகழ்பெற்றவரின் கடைசி மூச்சு! அது என்ன விலை போகும்? பாடகரின் உதவியாளன், அறக்கட்டளைப் பெண், சிறுமியின் தந்தை ஆகியோரிடையே பேரம் தொடங்குகிறது.

திருப்பண்டங்களுக்கு வணக்கம் செலுத்தும் மரபில் வந்த நமக்கு இப்படம் தனிப்பட்ட பொருள் தரக்கூடியது. புனிதரின் எலும்புத் துண்டை நாம் போற்றுவது, அவர் வாழ்ந்த வாழ்வையும் அவர் பற்றியிருந்த இறைவனையும் கருதியே. அக்கருத்து நீங்கிவிட்டால் எஞ்சுவது பண்டம். பண்டத்துக்கு விலை உண்டு. விலைக்குச் சண்டை உண்டு. திருப்பண்ட வணிகத்தைத் திருச்சபை தடை செய்ததும் இக்காரணம் பற்றியே. வழிபாட்டை இழந்துவிட்ட காலமும் திருப்பண்டங்களை இழப்பதில்லை; பாடகரின் கையெழுத்து, விளையாட்டு வீரரின் சட்டை என்று புதியனவற்றைத் தேடிக்கொள்கிறது. இவ்வுண்மையை ஒரு பலூனைக் கொண்டு சொல்லிவிடுகிறார்கள் இருவரும்.

ஆயின் படத்தின் கூர்முனை பேராசையைப் பழிப்பதில் இல்லை. பேரம் சூடேறச் சூடேற, நோயுற்ற சிறுமி காட்சியின் ஓரத்துக்குத் தள்ளப்படுகிறாள். அவள் நாற்காலியில் அமர்ந்து பார்த்துக்கொண்டிருக்கிறாள். பெரியவர்கள் அவளை மறந்துவிட்டார்கள் என்று நாம் எண்ணும்போதுதான், நாமும் சற்று நேரம் அவளை மறந்திருந்தோம் என்பது புலப்படுகிறது. யாருக்காக எல்லாரும் கூடினார்களோ அவளே ஒருவர்க்கும் தேவைப்படாதவளாகிறாள். நம் ஊர்த் திருவிழாக்களிலும் பொன்விழாக் கூட்டங்களிலும், யார் பெயரால் கூடினோமோ அவர்க்கு இடமில்லாமற் போவதை எண்ணிப் பார்க்க வைக்கிறது இப்படம்.

கிறிஸ்டீனின் பன்னிரண்டு நாள்கள்

2015ஆம் ஆண்டு ஏப்ரல் 2ஆம் நாள் 'த டுவெல்வ் டேஸ் ஆஃப் கிறிஸ்டீன்' ஒளிபரப்பாயிற்று. அவ்வாண்டு அது பெரிய வியாழன் இரவாக அமைந்தது தற்செயலே. எனினும் பொருத்தமான தற்செயல். கியெம் மொராலெஸ் இயக்கிய இப்படத்தில் கிறிஸ்டீனாக நடித்தவர் ஷெரிடன் ஸ்மித்.

காலணிக் கடையில் பணிபுரியும் இளம்பெண் கிறிஸ்டீன். புத்தாண்டு இரவின் மாறுவேட விருந்து ஒன்றிலிருந்து தன் அடுக்கக வீட்டுக்குத் திரும்புகிறாள். அவள் கன்னியர் உடையில் இருக்கிறாள். உடன் வந்த இளைஞன் தீயணைப்பு வீரர் உடையில் இருக்கிறான். குறும்பும் காதலுமாகப் படம் தொடங்குகிறது. அடுத்தடுத்த காட்சிகள் ஏறத்தாழ ஓராண்டும் ஒரு மாதமும் தாண்டித் தாண்டிச் செல்கின்றன. காதலர் நாள், அன்னையர் நாள் என்று ஏதேனும் ஒரு சிறப்பு நாள் ஒவ்வொரு காட்சிக்கும் உண்டு. காதல், திருமணம், மகன், சலிப்பு, பிரிவு, தந்தையின் மறதி நோய் என்று ஒரு பெண்ணின் வாழ்வு அரைமணி நேரத்தில் கடந்துபோகிறது. இடையிடையே விளங்காத சில நிகழ்ச்சிகள்: மழைச்சட்டை அணிந்த அந்நியன் ஒருவன் வீட்டுக்குள் தோன்றி மறைகிறான், முட்டைகள் உடைந்து சிதறுகின்றன, முந்திய காட்சிக்கும் அடுத்ததற்கும் இடையே நடந்தவற்றை அவளால் நினைவுகூர முடியவில்லை.

பேய்க் கதை என்று எண்ணி நாம் அஞ்சுகிறோம். ஆனால் பேய் எதுவுமில்லை. சாலை விபத்தில் சிக்கிய கிறிஸ்டீன் உயிர் துறந்துகொண்டிருக்கிறாள். அவளுடைய வாழ்வு அவள் கண்முன் ஓடுகிறது. அதையே நாம் பார்த்துக்கொண்டிருந்தோம். அச்சுறுத்த வந்தவனாகத் தோன்றிய அந்நியன் அவ்விபத்தோடு தொடர்புடையவன். அவன் சொல்ல வந்தது வருத்தம் மட்டுமே. இறுதியில் கிறிஸ்துமஸ் விருந்து மேசையைச் சுற்றி அவள் நேசித்தவர்கள் எல்லாரும் கூடியிருக்க, அவள் விடைபெறுகிறாள். தொடக்கத்தில் சிரிப்பூட்டிய வேடங்களைப் பின்னோக்கிப் பாருங்கள். விபத்துக் களத்துக்கு விரைந்து வருவோர் தீயணைப்பு வீரர்கள். உலகத்தைத் துறந்து செல்வோரின் உடை கன்னியர் உடை. விளையாட்டுக்கு அணிந்தவை விதியாயின.

இப்படத்தில் திரும்பி வரும் சிரிப்பு நம்மைக் குற்றம் சாட்டுவதில்லை; நம்மைத் தேற்றுகிறது. சலிப்பூட்டிய நாள்கள், சண்டையிட்ட மாலைகள், சில்லறை வேடிக்கைகள் ஆகியவையே வாழ்வென்று நாம் அறிவது எப்போது? அவற்றை இழக்கும் தறுவாயில்தான். நல்மரணத்திற்காக மன்றாட நம் பாட்டிமார் நமக்குக் கற்றுத்தந்தனர். திடீர்ச் சாவிலிருந்து காத்தருள வேண்டுமென்று மன்றாட்டு மாலையில் வேண்டிக்கொண்டனர். விடைபெறுவதற்குக் கிடைக்கும் சிறு அவகாசமே பேரருள் என்பது அவர்கள் அறிந்த உண்மை. எந்தச் சமயத்தின் பெயரையும் சொல்லாமலே இப்படம் அவ்வவகாசத்தை ஓர் எளிய பெண்ணுக்கு வழங்குகிறது.

இரட்டையர் எழுதிய இரட்டையர் கதை

இவர்களது படைப்புகளுள் உச்சம் எது என்று என்னைக் கேட்டால், 2018ஆம் ஆண்டு ஜனவரி 9ஆம் நாள் வந்த 'பெர்னி கிளிஃப்டன்ஸ் டிரஸ்ஸிங் ரூம்' என்பேன். இரு நகைச்சுவையாளர் சேர்ந்து எழுதி நடித்த, இரு நகைச்சுவையாளர் பற்றிய கதை அது.

லென், டாமி ஆகிய இருவரும் ஒரு காலத்தில் 'சீஸ் அண்ட் கிராக்கர்ஸ்' என்னும் பெயரில் மேடைதோறும் மக்களைச் சிரிக்க வைத்த இணை. பின்பு பிரிந்தனர். முப்பது ஆண்டுகளுக்குப் பின், ஒரேயொரு முறை மீண்டும் மேடையேறும் நோக்கத்துடன் ஒரு பழைய கூடத்தில் ஒத்திகைக்குக் கூடுகின்றனர். லென் (பெம்பர்ட்டன்) இன்னும் பழைய உற்சாகத்தோடு இருக்கிறார். டாமி (ஷியர்ஸ்மித்) தொழில் துறையில் உயர்ந்து, பழைய வேடிக்கைகளைக் கண்டு கூசுகிறார். காலாவதியான அந்தத் துணுக்குகளை அவர்கள் மீண்டும் நடித்துப் பார்க்கும்போது நாம் சற்று ஏளனமாகவே சிரிக்கிறோம். ஏன் பிரிந்தார்கள் என்ற வினா அவ்வப்போது தலைகாட்டுகிறது. பெர்னி கிளிஃப்டன் என்னும் கலைஞரின் ஒப்பனை அறையில் அன்று நடந்தது என்ன? லென்னின் குடிப்பழக்கம் எல்லை கடந்திருந்தது, அதைப் பார்த்துக்கொண்டிருக்க டாமிக்கு மனவலிமை இல்லை, விலகிவிட்டார். அவ்வளவே.

அப்போது லென்னின் மகள் உள்ளே வருகிறாள். அவள் டாமியிடம் மட்டும் பேசுகிறாள். வெளியே வந்துகொண்டிருப்போர் நிகழ்ச்சி பார்க்க வந்தவர்கள் அல்லர். இறுதிச் சடங்குக்கு வந்தவர்கள். லென் இறந்துவிட்டார். இவ்வளவு நேரம் டாமி பேசிக்கொண்டிருந்தது தம் நினைவிலிருந்த நண்பரோடு. பழைய துணுக்குகளின் ஒத்திகை என்று நாம் கருதியது, சொல்லாமல் விட்ட மன்னிப்பின் ஒத்திகை.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். பிரிவுக்குக் காரணமாகப் பெருங்குற்றம் எதையும் எழுத்தாளர்கள் புனையவில்லை. துரோகமில்லை, களவுமில்லை. ஒருவரின் பலவீனம், மற்றவரின் அயர்ச்சி, பிறகு முப்பது ஆண்டு மௌனம். நம் உறவுகள் பெரும்பாலும் இப்படித்தான் முறிகின்றன. கூப்பிட்டிருக்கலாம், கூப்பிடவில்லை. அடுத்த திருநாளுக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்றோம். அடுத்த செய்தி அடக்கச் செய்தியாக வந்தது. காணிக்கை செலுத்துமுன் சகோதரனோடு ஒப்புரவாகச் சொன்ன ஆண்டவர், அதற்குக் காலதாமதம் ஆகாது என்று எச்சரித்ததன் பொருள் இப்படம் பார்க்கும்போது புதிதாக விளங்குகிறது. இறுதியில் டாமி தம் நண்பரோடு சேர்ந்து பழைய பாடலைப் பாடி ஆடும்போது, அந்த மேடையில் ஒருவரே இருக்கிறார் என்பதை அறிந்துகொண்டே நாம் இருவரைக் காண்கிறோம். ஏளனமாகச் சிரித்த அதே துணுக்குகள் இப்போது வேண்டுதல்களாக ஒலிக்கின்றன. நகையும் அழுகையும் அடுத்தடுத்து நிற்பதன் காரணம் இதைவிடத் தெளிவாக விளங்க வேண்டுமோ?

சிரிப்பு திரும்பாத இடங்கள்

55 படங்களும் இத்தரத்தன என்று சொல்லுதல் நேர்மையாகாது. இவர்களது திறமையே சில இடங்களில் இவர்களுக்கு இடறுகல்லாகிறது.

2017ஆம் ஆண்டு பிப்ரவரி 28ஆம் நாள் ஒளிபரப்பான 'த ரிடில் ஆஃப் த ஸ்பிங்க்ஸ்' இதற்கு எடுத்துக்காட்டு. கேம்பிரிட்ஜில் குறுக்கெழுத்துப் புதிர் அமைக்கும் பேராசிரியர் ஒருவரின் அறைக்குள் இரவில் ஒரு பெண் நுழைகிறாள். ஒவ்வொரு புதிரும் அடுத்த திடுக்கிடலுக்கு வழிகாட்டுகிறது. பெம்பர்ட்டன் தாமே அமைத்த குறுக்கெழுத்துப் புதிர் அதே நாள் 'கார்டியன்' நாளிதழிலும் வெளிவந்தது. இவ்வளவு நுணுக்கமான பின்னலைத் தொலைக்காட்சியில் காண்பது அரிது. ஆனால் நஞ்சும் பழியுமாகத் திருப்பத்தின்மேல் திருப்பம் வந்து முடிந்தபின், இரங்குவதற்கு நமக்கு யாருமே எஞ்சுவதில்லை. புதிர் விடுபட்டது, மனிதர் காணாமற்போயினர். அறிவு கைதட்டுகிறது, நெஞ்சம் அசையாமல் இருக்கிறது.

அதே தொகுதியின் 'த பில்' என்னும் படம் உணவகத்தில் பணம் செலுத்துவது யார் என்று நால்வர் போட்டியிடுவதைக் காட்டுகிறது. 'நான்தான் கொடுப்பேன்' என்னும் போலிப் பெருந்தன்மைக்குள் ஒளிந்திருக்கும் செருக்கை அது தோலுரிக்கும் விதம் அருமை. நம் உணவகங்களிலும் நாளும் நடக்கும் நாடகம் அது. ஆனால் இறுதியில் எல்லாம் ஏமாற்று வேலை என்று தெரியவரும்போது, நாம் கண்ட செருக்கும் நடிப்பாகிவிடுகிறது. நம்மைச் சுட வேண்டிய உண்மை மோசக்காரரின் தந்திரமாகச் சுருங்கிவிடுகிறது. திருப்பத்தை விரும்புவோர் மகிழலாம், இலக்கியம் ஏமாறுகிறது.

'சார்டீன்ஸ்' படத்தின் முடிவையும் இங்கே எண்ணிப் பார்க்கலாம். மௌனத்திற்குத் தண்டனை தீ என்று தீர்ப்பளிப்பது, பார்ப்பவர்க்கு ஒருவகை நிறைவைத் தரும். ஆனால் அத்தீயில் ஜானும் எரிவான். காயமுற்றவனுக்கு நீதி வழங்கப் புறப்பட்ட கதை காயமுற்ற மற்றொருவனைக் கணக்கில் கொள்ளவில்லை. பழி எப்போதும் இப்படித்தான். அது ஆளைப் பார்த்து எரிவதில்லை. எழுத்தாளர்கள் இதை உணர்ந்தே எழுதினார்கள் என்று வாதிடுவோர் உண்டு. அவ்வாறாயின் அது படத்தின் கசப்பான மெய்ம்மை. இல்லையேல் அது படத்தின் குறை. எவ்வாறாயினும், தீர்ப்பு வழங்கி முடிக்கும் படங்களைவிட, மன்னிப்புக்காக ஏங்கி முடியும் படங்களே நினைவில் நெடுநாள் தங்குகின்றன என்பது என் அனுபவம். கிறிஸ்டீனும் டாமியும் நம்மோடு வீட்டுக்கு வருகிறார்கள். பேராசிரியர் தம் அறையிலேயே தங்கிவிடுகிறார்.

மற்றொன்றும் சொல்ல வேண்டும். இப்படங்களுள் பல, கொலையும் கொடுமையும் ஆபாசச் சொற்களும் கொண்டவை. இல்லத்தில் சிறார் உடனிருக்கப் பார்க்கத் தக்கவை அல்ல. முதிர்ந்தோரும் எதைத் தேர்ந்து பார்ப்பது என்று அறிந்து பார்ப்பது நலம்.

சொல் குறைந்தபோது

இவர்களது கலையின் வேர் எங்கே இருக்கிறது என்பதை உணர்த்தும் படம் ஒன்றைச் சுட்டலாம். 2014ஆம் ஆண்டு பிப்ரவரி 12ஆம் நாள் வந்த 'எ கொயட் நைட் இன்' படத்தில் ஏறத்தாழ இறுதிவரை உரையாடலே இல்லை. ஓவியம் ஒன்றைத் திருட இரு கள்வர் ஒரு செல்வரின் வீட்டுக்குள் நுழைகின்றனர். வீட்டிலிருப்போர் கண்ணில் படாமல் அவர்கள் தவழ்வதும் தடுமாறுவதும் பேசாப் படக் காலத்தை நினைவூட்டுகின்றன. அவ்வீட்டுப் பெண்ணாக நடித்தவர் ஊனா சாப்ளின். சார்லி சாப்ளினின் பேத்தி. பாட்டனார் வளர்த்த கலைக்குப் பேத்தியைக் கொண்டே வணக்கம் செலுத்தியதைப் போன்றதாயிற்று. ஆனால் சாப்ளினின் நாடோடி, பசியோடும் பரிவோடும் நம்மைச் சிரிக்க வைத்தான். இப்படத்துக் கள்வருக்குப் பரிவு இல்லை. நூறாண்டு இடைவெளியில் நகைச்சுவை எதை இழந்துவிட்டது என்பதையும் அவர்கள் அறிந்தோ அறியாமலோ நமக்குக் காட்டிவிடுகின்றனர்.

2024ஆம் ஆண்டு ஜூன் 12ஆம் நாள் இறுதிப் படமான 'பிளாடிங் ஆன்' ஒளிபரப்பாயிற்று. அதில் பெம்பர்ட்டனும் ஷியர்ஸ்மித்தும் பெம்பர்ட்டனாகவும் ஷியர்ஸ்மித்தாகவுமே தோன்றினர். தொடர் முடிந்ததற்கான விருந்து. இனி இருவரும் சேர்ந்திருப்பார்களா என்ற வினா. பிறர் வீடுகளின் கதவைப் பத்தாண்டுகள் திறந்து காட்டியவர்கள், கடைசியில் தம் கதவையும் திறந்தனர். தம்மை நகைத்துக்கொள்ள அஞ்சாதவர்க்கே பிறரை நகைக்கும் உரிமை உண்டு என்பதற்கு அது சான்று. 2025ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இருவரும் சேர்ந்தே லண்டன் நாடக மேடையேறினர் என்பது மகிழ்ச்சிக்குரிய பின்குறிப்பு.

எள்ளல், பேதைமை முதலிய நான்கு நிலைக்களங்களில் நகை பிறக்கும் என்றார் தொல்காப்பியர். எள்ளலில் பிறக்கும் நகை பிறரை நோக்கிப் போகும், போனது திரும்பாது. நம் மேடைகளிலும் திரைகளிலும் உடற்குறையையும் நிறத்தையும் வறுமையையும் காட்டிப் பெறும் சிரிப்பு அத்தகையது. அது போகிற வழியில் ஒருவரைக் காயப்படுத்திவிட்டுத் தொலைந்துபோகிறது. இவ்விருவரின் சிறந்த படங்களிலும் சிரிப்பு எள்ளலில்தான் தொடங்குகிறது. ஆனால் அது பாதி வழியில் திரும்பிவிடுகிறது. சிரித்தவனையே தேடி வருகிறது. 'யாரைப் பார்த்துச் சிரித்தாய்? அவர் யார் என்று அறிவாயா?' என்று கேட்கிறது. அவ்வினாவைக் கேட்கும் நகைச்சுவை எவ்வளவு இருண்டதாக இருப்பினும் அதில் ஒளியின் கீற்று உண்டு.

அடுத்த முறை கூட்டத்தோடு சேர்ந்து நாம் சிரிக்கும்போது, அலமாரியின் மூலையில் ஒதுங்கி நிற்பவர் யார் என்று ஒரு கணம் திரும்பிப் பார்ப்போமாயின், அவர் பெயரைக் கேட்டு அழைப்போமாயின், அவ்வாறு பார்க்கக் கற்றுத்தந்த இப்படங்கள் வீண்போகவில்லை எனலாம்.